திரைக்கதை, சீரியல், துணிக்கடை வாசகம்: ஒரே பேனாவுக்கு இத்தனை வேலை ஆகுமா?

பாலக்கோடு வாசகி

எல்லோருக்கும் வணக்கம். என் அக்கா மகள் பெங்களூரில் ஓர் ஆன்லைன் துணிக்கடைக்கு வாசகம் எழுதுகிறாள். சேலை, குர்தி, பிள்ளைகள் சட்டை என்று ஒவ்வொரு படத்துக்கும் கீழே வரும் நாலைந்து வரிகள்தான் அவள் வேலை. அதற்கு முன்னால் சென்னையில் ஒரு சீரியலில் உதவி வசனகர்த்தாவாக இருந்தாள். அதற்கும் முன்னால் ஒரு குறும்படம். "சினிமாவுக்குக் கதை எழுதப் போன பொண்ணு சேலைக்குக் கதை எழுதுது, எதிலயும் நிலைக்கல" என்று வீட்டில் பேச்சு.

எனக்கு இந்தப் பேச்சு ஒப்பவில்லை. காரணம் ஜோன் டிடியன். அமெரிக்க எழுத்தாளர், 1934இல் கலிபோர்னியாவின் சாக்ரமெண்டோவில் பிறந்தவர், 2021 டிசம்பரில் மறைந்தார். கட்டுரையாளர் என்றுதான் நம்மில் பலருக்குத் தெரியும். ஆனால் கணவர் ஜான் கிரிகரி டன்னோடு சேர்ந்து இருபத்தைந்து வருஷத்துக்கும் மேலாக ஹாலிவுட்டுக்குத் திரைக்கதை எழுதியிருக்கிறார். டிவிக்கும் எழுதியிருக்கிறார். அவர் எழுதப் பழகிய இடமோ ஒரு ஃபேஷன் பத்திரிகை.

1956இல், கல்லூரியின் கடைசி வருஷத்தில், 'வோக்' பத்திரிகை நடத்திய கட்டுரைப் போட்டியில் ஜெயித்தார். பரிசாக நியூயார்க்கில் அந்தப் பத்திரிகையிலேயே வேலை கிடைத்தது. ஆரம்பத்தில் விளம்பர வாசகம். அப்புறம் படங்களுக்குக் கீழே வரும் குறிப்புகள். அவருடைய மேலாசிரியர் ஆலின் டால்மி என்ற அம்மா. டிடியன் தினமும் எட்டு வரி எழுதி எடுத்துக்கொண்டு போவாராம். அந்த அம்மா பென்சிலும் கையுமாக உட்கார்ந்து, ஒரு சொல் கூடுதலாக இருந்தாலும், வினைச்சொல் வேலை செய்யாமல் சும்மா நின்றாலும் கோபப்படுவாராம். நீளமாக எழுதச் சொல்லி, அதை ஐம்பது சொல்லுக்கு வெட்டச் சொல்வாராம். எட்டு வரியில் ஒவ்வொரு சொல்லும் ஒவ்வொரு காற்புள்ளியும் உழைக்க வேண்டும் என்று அங்கேதான் படித்ததாக டிடியனே பின்னால் பேட்டியில் சொல்லியிருக்கிறார்.

இன்னொன்று. 1961இல் சுயமரியாதை பற்றி அவர் எழுதிய கட்டுரை இன்றும் கல்லூரிகளில் பாடமாக இருக்கிறது. அதை எழுத வேண்டியவர் வேறொருவர். அவர் தரவில்லை, இதழ் அச்சுக்குப் போக வேண்டும், பக்கம் காலியாக நிற்கிறது. டிடியன் உட்கார்ந்து எழுதினார். இத்தனை சொல், இத்தனை வரி என்ற கணக்குகூட இல்லை, இத்தனை எழுத்து என்ற கணக்குக்கு எழுதினார்.

துணிக்கு வாசகம் எழுதுவதும் திரைக்கதைக்கான பயிற்சிதான் என்கிறேன் நான். வேலை மாறினாலும் தொழில் மாறவில்லை. உங்கள் கருத்தைச் சொல்லுங்கள்.

ஓசூர் நிழல்

அக்கா, மதிப்போடு மறுக்கிறேன். நானும் ஓசூரில் விளம்பர வாசகம் எழுதிப் பிழைப்பவன்தான்.

டிடியனுக்கு டால்மி கிடைத்தார். நம் பிள்ளைகளுக்கு யார் கிடைக்கிறார்கள்? ஆன்லைன் கடை வாசகத்தை வாசிக்கும் முதல் ஆள் தேடுபொறி. 'பார்ட்டி வேர்', 'ஆஃபீஸ் வேர்', 'லைட் வெயிட்' என்ற சொற்கள் உள்ளே வந்தே ஆக வேண்டும், இல்லாவிட்டால் தேடல் பட்டியலில் சேலை கீழே போய்விடும். இப்போது பல இடங்களில் முதல் வரைவை ஏஐ எழுதிவிடுகிறது. உட்கார்ந்திருக்கும் பெண் அதைத் திருத்தி அனுப்ப வேண்டும், அன்றைய எண்ணிக்கையை முடிக்க வேண்டும். வெட்டிக்கொடுக்க ஆளும் இல்லை, வெட்ட நேரமும் இல்லை. அதில் என்ன பயிற்சி?

அப்புறம் தொடர்பு என்று ஒன்று இருக்கிறது. டிடியனும் டன்னும் எழுதிப் படமான முதல் திரைக்கதை 1971இல் வந்தது. அதைத் தயாரித்தவர் டொமினிக் டன், கணவரின் கூடப்பிறந்த அண்ணன். வீட்டிலேயே தயாரிப்பாளர். பாலக்கோட்டிலிருந்து போகும் பெண்ணுக்கு வடபழனியில் யாரைத் தெரியும்? திறமை மட்டும் போதும் என்று நாம் பேசினால், கதவு திறக்காதபோது அந்தப் பெண் தன்னைத்தான் குறை சொல்லிக்கொள்வாள். அதுதான் என் கவலை.

பாலக்கோடு வாசகி

தம்பி, தொடர்பு விஷயத்தில் நீங்கள் சொல்வது சரி. அதை மறைத்துப் பேசினால் அந்தப் பிள்ளைக்குத்தான் கெடுதல்.

ஆனால் அதே படத்தில் வேறொன்றும் இருக்கிறது. அதை இயக்கியவர் ஜெர்ரி ஷாட்ஸ்பெர்க். அவர் சினிமாவுக்கு வருவதற்கு முன்னால் ஃபேஷன் புகைப்படக்காரர், 'வோக்' பத்திரிகைக்கும் படம் எடுத்தவர். பாடகர் பாப் டிலனின் 1966 இசைத்தட்டு அட்டையில் கொஞ்சம் கலங்கலாக இருக்கும் படம் அவர் எடுத்ததுதான். துணிக்கு எழுதிய பெண்ணும் துணியைப் படம் பிடித்த ஆளும் சேர்ந்து, நியூயார்க்கில் போதை ஊசிக்கு அடிமையான ஒரு ஜோடியின் கதையைச் சொன்னார்கள். அல் பசீனோ கதாநாயகனாக நடித்த முதல் படம் அது. கதாநாயகி கிட்டி வின் அந்த வருஷம் கான் திரைப்பட விழாவில் சிறந்த நடிகை விருது வாங்கினார். படத்தில் பளபளப்பு எதுவும் இல்லை. தோற்றத்தை உருவாக்கிப் பழகியவர்களுக்கு அதை எப்படிக் களைவது என்றும் தெரிந்திருக்கிறது.

இன்னொரு சம்பவம், இது உண்மையில் நடந்தது. 1970இல் சார்லஸ் மான்சன் கொலை வழக்கில் லிண்டா கசாபியன் என்ற இளம்பெண் அரசுத் தரப்பின் முக்கிய சாட்சி. டிடியன் அந்தப் பெண்ணைச் சிறையில் சந்தித்துப் பேசிக்கொண்டிருந்தவர். நீதிமன்றத்துக்குப் போட்டுக்கொண்டு போக உடுப்பு வேண்டும் என்றபோது, பெவர்லி ஹில்ஸில் ஒரு பெரிய கடைக்குப் போய் வாங்கியது டிடியன்தான். அந்தப் பெண் சொல்லி அனுப்பிய விவரம் அளவிலிருந்து தொடங்குகிறது. முழங்காலுக்கு மேலே இருக்கலாம், ஆனால் ரொம்ப மேலே வேண்டாம். வெல்வெட் கிடைத்தால் நல்லது. மரகதப் பச்சை அல்லது பொன்னிறம். இல்லையென்றால் எம்பிராய்டரி போட்ட மெக்சிகோ பாணி கிராமத்து உடுப்பு. நாடே பார்க்கப்போகும் சாட்சிக் கூண்டில் தான் யாராகத் தெரிய வேண்டும் என்று அந்தப் பெண் யோசித்திருக்கிறாள். டிடியன் அதைக் குறித்துவைத்துத் தன் கட்டுரையில் எழுதினார். துணியைக் கவனிக்கத் தெரியாத எழுத்தாளராக இருந்திருந்தால், 'ஓர் உடுப்பு வாங்கிக் கொடுத்தேன்' என்று ஒரே வரியில் தாண்டிப் போயிருப்பார்.

பென்னாகரம் கூத்துக்காரன்

உள்ளே வரலாமா? எங்கள் வீட்டில் மூன்று தலைமுறையாகத் தெருக்கூத்து. எனக்கு ஹாலிவுட் தெரியாது. ஆனால் நீங்கள் பேசுவது எங்கள் வாத்தியார் செய்கிற வேலைதான்.

கூத்தில் வாத்தியார் என்றால் பாட்டும் வசனமும் சொல்லிக்கொடுப்பவர் மட்டும் இல்லை. எந்த வேஷத்துக்கு எந்தக் கிரீடம், தோளில் கட்டும் புஜக்கட்டை எவ்வளவு அகலம், முகத்துக்கு என்ன நிறம், எல்லாம் அவர் கண்ணில் பட்டுத்தான் சபைக்குப் போகும். கல்யாண முருங்கை மாதிரி லேசான மரத்தில் செதுக்கி, வண்ணக் காகிதமும் கண்ணாடிச் சில்லும் ஒட்டிய கட்டைகள் அவை. துரியோதனன் வேஷம் கட்டுகிறவர் முதலில் திரைக்குப் பின்னால் நிற்பார். இரண்டு பேர் வேட்டியைத் திரையாகப் பிடித்திருப்பார்கள். கிரீடத்தின் நுனி மட்டும் மேலே தெரியும். அவர் வாயே திறக்கவில்லை, அதற்குள் கூட்டம் நிமிர்ந்து உட்கார்ந்துவிடும். அந்தக் கிரீடம் பாதி வசனத்தைப் பேசிவிட்டது. அப்புறம் அவர் பாட வேண்டியது மீதிப் பாதிதான்.

எங்கள் பக்கத்தில் எழுதுவது ஒரு வேலை, உடுத்துவது ஒரு வேலை என்று பிரித்ததே இல்லை. வசனம் மட்டும் தெரிந்து வேஷம் தெரியாதவரை வாத்தியார் என்று யாரும் கூப்பிட மாட்டார்கள்.

தகடூர் தமிழாசிரியர்

கூத்துக்கார நண்பர் சொன்னதைப் படித்ததும் நம் ஊர்ப் பாட்டு ஒன்று நினைவுக்கு வந்தது. தர்மபுரிதான் பழைய தகடூர், அதியமான் நெடுமான் அஞ்சியின் ஊர் என்பது எல்லோருக்கும் தெரியும். அஞ்சிக்காக ஔவையார் தொண்டைமானிடம் தூது போகிறார். தொண்டைமான் தன் படைக்கலக் கொட்டிலைக் காட்டிப் பெருமைப்படுகிறான். ஔவையார் அந்த ஆயுதங்கள் உடுத்தியிருப்பதை மட்டும் வரிசையாகச் சொல்கிறார்: மயில்பீலி அணிந்திருக்கின்றன, மாலை சூடியிருக்கின்றன, காம்பு திருத்தி நெய் பூசிக் காவல் நிறைந்த அரண்மனையில் இருக்கின்றன. அஞ்சியின் வேல்களோ பகைவரைக் குத்தி நுனி முறிந்து கொல்லன் பட்டறையில் கிடக்கின்றன. புறநானூற்றில் 95ஆம் பாட்டு. மொத்தமே ஒன்பது வரி.

புகழ்வதுபோல் அலங்காரத்தை வருணித்து, அந்த அலங்காரமே 'இவை போர் பார்த்ததில்லை' என்று சொல்லும்படி விட்டுவிடுகிறார். புலவர், தூதர், அரசனின் நண்பர் என்று மூன்று வேலை பார்த்தவர் அவர். ஒன்பது வரியில் இதைச் செய்தவரை யாரும் நிலையில்லாதவர் என்று சொல்லவில்லை.

வடபழனி வசனம்

சொந்த ஊர் கிருஷ்ணகிரி, ராயக்கோட்டை ரோடு. இப்போது சென்னையில் சீரியலுக்கு வசனம் எழுதுகிறேன். இதுவரை இங்கே யாரும் டிவி பக்கம் வரவில்லை, அதனால் கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன்.

சீரியலில் கதை ஒருவர், திரைக்கதை ஒருவர், வசனம் ஒருவர். சேனல் ஒன்லைனுக்கு, அதாவது கதைச் சுருக்கத்துக்கு, ஓகே சொல்லும், அதை சீன் ஆர்டராகப் பிரிப்பார்கள், என் கைக்கு வரும்போது நாளைக் காலை ஷூட்டிங். சில நாள் சீன் பேப்பர் ஸ்பாட்டுக்கு வாட்ஸ்அப்பில்தான் போகும். நடிகை வரவில்லை என்றால் அவருடைய வசனத்தை அத்தை கதாபாத்திரம் பேச வேண்டும். சும்மா பெயரை மாற்றினால் ஆகாது. அத்தை பேசினால் அர்த்தமே வேறு. பத்து நிமிஷத்தில் மாற்றித் தர வேண்டும். வாசகி அக்கா சொன்ன அந்த எழுத்துக் கணக்கு எனக்கு நன்றாகவே புரிகிறது.

துணிக்கும் எங்களுக்கும் என்ன சம்பந்தம் என்றால், ரொம்ப உண்டு. காஸ்ட்யூம் பார்க்கிறவர் எங்களிடம் கேட்கிற முதல் கேள்வி, 'சார், இது அதே நாளா, அடுத்த நாளா?' கதையில் ஒரே நாள் என்றால், எபிசோட் எத்தனை ஓடினாலும் கதாநாயகி அதே சேலையில்தான் இருக்க வேண்டும். ஒரு கல்யாண வீட்டு நாளை நாங்கள் இரண்டு வாரம் இழுத்தால் இரண்டு வாரமும் அதே பட்டுச் சேலை, அதே மல்லிகைப் பூ. கன்டினியூட்டி நோட்டில் பூ எந்தப் பக்கம் தொங்குகிறது என்பதுவரை எழுதிவைப்பார்கள். ஆக, ஒரு கதாபாத்திரம் எப்போது உடை மாற்ற வேண்டும் என்பதை முடிவு செய்வது எழுதுகிறவன்தான். இதை உணராத வசனகர்த்தா சண்டை போட்டுக்கொண்டு வீட்டை விட்டு வெளியேறும் பெண்ணை அடுத்த சீனில் புதுச் சேலையில் நிறுத்திவிடுவார். அவள் எங்கே மாற்றினாள்? பெட்டி எடுத்துக்கொண்டு போனாளா? பெட்டி எடுத்தாள் என்றால் அது கோபத்தில் ஓடியது இல்லை, திட்டம் போட்டுப் போனது. கதையே மாறிவிடுகிறது.

ஓசூர் தம்பி சொன்ன ஏஐ, எண்ணிக்கை எல்லாம் உண்மை. அந்த வேலை தானாக யாரையும் எழுத்தாளர் ஆக்காது. ஆனால் அந்தப் பெண் எழுதியதில் ஒன்றை இங்கே போடுங்கள் அக்கா. பார்த்துவிட்டுச் சொல்கிறேன்.

பாலக்கோடு வாசகி

அவளிடம் கேட்டுத்தான் போடுகிறேன். கடை கொடுத்த மாதிரி இது:

'நவீனப் பெண்களின் நுட்பமான ரசனைக்கு ஏற்ப, பாரம்பரிய அழகும் புதுமையான வடிவமைப்பும் ஒன்றிணைந்து உருவாக்கப்பட்ட இந்த மென்மையான பருத்திச் சேலை உங்கள் ஒவ்வொரு தருணத்தையும் மறக்க முடியாததாக மாற்றும்.'

இது அவள் எழுதியது:

'பருத்திச் சேலை. ஊதா உடல், கடுகு நிறக் கரை. பஸ்ஸில் உட்கார்ந்து எழுந்தாலும் மடிப்பு நிற்கும். முதல் அலசலில் சாயம் விடும், தனியாக அலசவும்.'

வடபழனி வசனம்

இந்தப் பெண்ணுக்கு எழுத வருகிறது.

முதலில் இருப்பதை எந்தச் சேலைக்கு வேண்டுமானாலும் ஒட்டலாம். இரண்டாவதில் ஓர் ஆள் இருக்கிறாள். பஸ்ஸில் வேலைக்குப் போகிறவள். இறங்கியதும் மடிப்பைப் பார்த்துக்கொள்கிறவள். நான் ஒரு சீரியலின் முதல் எபிசோடில் கதாநாயகியை அறிமுகம் செய்ய இவ்வளவுதான் தேடுவேன். கடைசி வரியில் அடுத்த சீனும் இருக்கிறது. பாருங்கள்:

வீட்டுப் பின்கட்டு. காலை. கொடியில் மாமனாரின் வெள்ளை வேட்டி. நடுவில் ஊதாத் திட்டு.
மாமியார்: தனியா அலசணும்னு எழுதியிருந்தாங்களாம்ல?
மருமகள்: எழுதினதே நான்தான் அத்தை.

மருமகள் என்ன வேலை பார்க்கிறாள், மாமியார் அதை எவ்வளவு தெரிந்துவைத்திருக்கிறார், வீட்டில் யார் துவைக்கிறார்கள், மூன்றும் வந்துவிட்டது. யாரும் எதையும் விளக்கவில்லை.

ஓசூர் நிழல்

அந்த இரண்டாவது வாசகத்தை வாசித்தபின் என் முதல் பதிவில் பாதியைத் தளர்த்திக்கொள்கிறேன். பென்சிலோடு யாரும் இல்லாவிட்டாலும் அந்தப் பெண் தானே வெட்டியிருக்கிறாள். ஆனால் மீதிப் பாதியை விடமாட்டேன். பணம். இத்தனை துறையில் கால்வைப்பவர்கள் ஆசைக்காக மட்டும் வைப்பதில்லை. டிடியன் விஷயத்திலும் அதைச் சொல்லுங்கள்.

பாலக்கோடு வாசகி

சொல்ல வேண்டியதுதான். அவர்கள் இருவரும் அதை ஒளிக்கவே இல்லை. நாவலும் கட்டுரையும் எழுதுவதற்கான காலத்தைத் திரைக்கதைப் பணம் வாங்கிக் கொடுத்தது. 1996இல் வெளியான, டிவி செய்தியாளர் ஒருத்தியின் கதை, எழுதத் தொடங்கியதிலிருந்து திரைக்கு வர எட்டு வருஷம் ஆனது. ஒரு நிஜச் செய்தியாளரின் துயர வாழ்க்கையிலிருந்து தொடங்கியது, ஸ்டூடியோ திருத்தச் சொல்லித் திருத்தச் சொல்லி ராபர்ட் ரெட்ஃபோர்டும் மிஷேல் ஃபைஃபரும் நடித்த காதல் கதையாக முடிந்தது. அந்த வேலையை எதற்கு ஒப்புக்கொண்டார்கள்? டன்னுக்கு இதயத்தில் கோளாறு. எழுத்தாளர் சங்கத்தின் மருத்துவக் காப்பீடு தொடர வேண்டும் என்றால் திரைக்கதை வேலை கையில் இருக்க வேண்டும். டன் இதைத் தனிப் புத்தகமாகவே எழுதினார். காப்பீட்டுக்காக எழுதுவதில் ஒரு குறைச்சலும் இல்லை என்பது என் கருத்து. வயிறும் உடம்பும் எழுத்தாளருக்கும் உண்டு.

டிவிக்கு அவர்கள் செய்த வேலைகளில் ஒன்று எனக்குப் பிடித்தது. 1990இல் எச்பிஓ-வுக்காக ஹெமிங்வேயின் ஒரு சின்னக் கதையை எழுதினார்கள். டோனி ரிச்சர்ட்சன் இயக்கினார். அந்தக் கதையில் ஒரு ரயில் நிலையத்தில் ஆணும் பெண்ணும் பேசிக்கொண்டிருப்பார்கள், விஷயம் என்ன என்று கடைசிவரை வாய்விட்டுச் சொல்லமாட்டார்கள். எட்டு வரிக் குறிப்பில் பழகியவருக்கு அதைவிடப் பொருத்தமான வேலை என்ன இருக்கிறது!

ஃபேஷன் உலகமும் அவரை விடவில்லை. 1989இல் 'காப்' துணி நிறுவன விளம்பரத்துக்கு மகளோடு நின்றார், படம் எடுத்தவர் ஆனி லீபோவிட்ஸ். 2015இல், எண்பது வயதில், 'செலீன்' விளம்பரத்தில் கறுப்புக் கண்ணாடியோடு வந்தார். துணிக்கு வாசகம் எழுதிய பெண் ஏறக்குறைய அறுபது வருஷம் கழித்துத் தானே அந்தப் படமானார்.

ஊத்தங்கரை வக்கீல்

பணம் பற்றிப் பேச்சு வந்ததால் ஒன்று. சினிமாவுக்கோ சீரியலுக்கோ எழுதும் நம் பிள்ளைகள் 2012 பதிப்புரிமைத் திருத்தத்தைத் தெரிந்துவைத்திருக்க வேண்டும். திரைப்படத்தில் சேர்ந்த எழுத்துக்கு, தியேட்டரில் காட்டுவது தவிர்த்த மற்றப் பயன்பாடுகளில் வரும் ராயல்டியில் எழுத்தாளருக்குச் சம பங்கு உண்டு. அந்த உரிமையை விட்டுக்கொடுப்பதாகக் கையெழுத்துப் போட்டாலும் செல்லாது. உரிமை மாற்றம் எழுத்தில் இருக்க வேண்டும். காலம் குறிப்பிடாவிட்டால் ஐந்து வருஷம் என்றும், இடம் குறிப்பிடாவிட்டால் இந்தியாவுக்குள் என்றும்தான் சட்டம் எடுத்துக்கொள்ளும். 'அண்ணன்கிட்ட எதுக்குப் பேப்பர்' என்று யாராவது சொன்னால், அன்போடு பேப்பரைக் கேளுங்கள்.

வடபழனி வசனம்

வக்கீல் சாருக்கு நன்றி. இதைப் பிரிண்ட் எடுத்து வைத்துக்கொள்கிறேன்.

வாசகி அக்கா, அந்தப் பெண்ணுக்கு என் யோசனை. வேலையை இப்போது விட வேண்டாம். கடைக்கு எழுதும் வாசகங்களில் நன்றாக வந்ததைத் தனி நோட்டில் எழுதிவைக்கச் சொல்லுங்கள். வாரத்தில் ஒன்றை எடுத்து ஒரு பக்க சீனாக மாற்றட்டும். விளக்கம் வேண்டாம், ஆளும் பொருளும் பேச்சும் மட்டும். இயக்குநரைப் பார்க்கப் போகும்போது முழுக் கதையை வாயால் சொல்லி முடிக்க யாரும் விடமாட்டார்கள். ஒரு பக்கத்தை நீட்டினால் நின்று வாசிப்பார்கள். எனக்கு அனுப்பினால் நானும் பார்க்கிறேன், கோடு போடவேண்டிய இடத்தில் தயங்காமல் போடுவேன்.

தேன்கனிக்கோட்டை மாணவி

நான் கல்லூரி முதல் வருஷம். எனக்கும் திரைக்கதை எழுத ஆசை. பென்னாகரம் அண்ணா, கூத்தில் வேஷம் கட்டுவதை வெளியாட்கள் பார்க்க விடுவார்களா? பெண்கள் வரலாமா?

பென்னாகரம் கூத்துக்காரன்

தாராளமாக வாம்மா. பங்குனி, சித்திரையில் எங்கள் பக்கத்துத் திரௌபதி அம்மன் கோயில்களில் பாரதம் நடக்கும். வீட்டில் யாரையாவது துணைக்குக் கூட்டிக்கொண்டு வா. ஒன்று மட்டும்: கூத்து ஆரம்பித்த பிறகு வராதே. இருட்டுவதற்கு முன்னால் வந்துவிடு. அரிதாரம் பூசிக் கட்டை கட்ட நேரம் பிடிக்கும், அப்போதுதான் வாத்தியார் ஒவ்வொரு வேஷத்துக்கும் ஏன் இந்த நிறம், ஏன் இந்தக் கிரீடம் என்று சின்னப் பையன்களுக்குச் சொல்லிக்கொண்டிருப்பார். நோட்டு கொண்டு வந்து பக்கத்தில் உட்கார். கேள்வி கேட்டால் கோபப்பட மாட்டார், கேட்காவிட்டால்தான் கோபப்படுவார்.